அவகாசமும் கண்ணோட்டமும்

பதிவுத் தபாலில் வரும் உறையைக் கண்டதும் நெஞ்சு திடுக்குறாதவர் நம் ஊர்களில் மிகச் சிலரே. நல்ல செய்தி எவ்வழியிலேனும் வந்து சேர்ந்துவிடும். கையொப்பம் பெற்றுக்கொண்டு கொடுக்கப்படும் உறைக்குள்ளே ஒரு வழக்கோ ஒரு கெடுவோ இருக்கும் என்பது தலைமுறை தலைமுறையாக வந்த அச்சம். 2022ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் அத்தகைய உறையொன்று நம் வீட்டு வாசலுக்கு வந்தது. அனுப்பியவர் முகவரியில் ஒரு வங்கியின் பெயர் இருந்தது. கையொப்பமிட்டு வாங்கினோம், பிரிக்கவில்லை. கிதாபுகள் அடுக்கியிருக்கும் அலமாரியில், ‘ஹிதாயா’வின் இரு பாகங்களுக்கு இடையே அதனைச் செருகிவிட்டு அஸர் தொழுகைக்குப் புறப்பட்டோம்.

‘ஹிதாயா’ நாம் நெடுங்காலமாக மாணவர்க்கு ஓதிக் கொடுத்துவரும் சட்ட நூல். ஹிஜ்ரி ஆறாம் நூற்றாண்டில் மர்கீனானி என்னும் பேரறிஞர் இயற்றியது. பிணையேற்பவனின் பொறுப்பு யாது, கடனால் முடங்கியவனை நீதிபதி எங்ஙனம் நடத்துதல் வேண்டும் என்பனவெல்லாம் அதனுள் விரிவாகக் கூறப்பட்டுள்ளன. அவ்விரு பாடங்களையும் ஆண்டுதோறும் நடத்திய நாமே, அப்பாடங்களின் உயிருள்ள உதாரணத்தை ஓர் உறைக்குள் மூடியபடியே அந்நூலின் அருகில் ஒளித்து வைத்தோம். கற்றவர் என்று ஊரார் கூறுவர். கற்றது கைகொடுக்க வேண்டிய வேளையில் வெட்கம் முந்திக்கொண்டது.

நடந்ததை முறையாகக் கூறுதல் நலம். வாணியம்பாடியில் நம் தங்கையின் கணவர் சிறு பட்டறையொன்று வைத்திருந்தார். பெரிய காலணி நிறுவனங்களிடமிருந்து வெட்டிய தோலைப் பெற்று, காலணியின் மேற்பாகத்தைத் தைத்துக் கொடுப்பது தொழில். ‘அப்பர்’ தைப்பது என்று அப்பகுதியில் கூறுவர். பன்னிரண்டு தையற் பொறிகள். இருபது பேருக்கு வேலை. அவர்களுள் பதினைவர் பெண்கள். 2017இல் புதிய பொறிகள் வாங்க வங்கியில் 18 இலட்சம் ரூபாய் கடன் பெற்றார். பொறிகள் மட்டும் ஈடாகப் போதா என்று வங்கியார் கூறியதால், நம் தந்தையார் விட்டுச் சென்ற வீட்டின் பத்திரங்களை ஒப்படைத்து நாம் பிணை நின்றோம்.

வட்டி விலக்கப்பட்டது என்று மிம்பரில் நின்று பேசும் நாவு நம்முடையது. வட்டிக் கடனுக்குப் பிணையாகக் கையொப்பமிட்ட கையும் நம்முடையதே. தங்கை கதவோரம் நின்று, “அண்ணா, உங்களை விட்டால் எங்களுக்கு யார்?” என்று கேட்டபோது நாவு ஒரு புறமும் கை ஒரு புறமும் போயின. அதற்கு நியாயம் கற்பிக்க முற்படவில்லை. இத்தகைய குற்றவுணர்வே பின்னர் அந்த உறையைப் பிரிக்கவொட்டாமல் தடுத்தது என்பதைச் சொல்லாவிடில் வாசகர்க்கு உண்மையை மறைத்தவர்களாவோம்.

மூன்றாண்டுகள் தவணைகள் ஒழுங்காகச் சென்றன. 2020 மார்ச்சுத் திங்களில் கொள்ளைநோயின் பொருட்டு நாடே அடைக்கப்பட்டது. தோல் வரவில்லை, தைத்த சரக்கு போகவில்லை. அவ்வமயம் ரிசர்வ் வங்கி, மார்ச்சு முதல் மே முடிய உள்ள தவணைகளை ஒத்திவைக்கலாம் என்று அறிவித்தது; பின்னர் அதனை ஆகஸ்டு 31 வரை நீட்டியது. நம் மைத்துனர் அதனைப் பெருங்கொடையாகக் கருதினார். ஒத்திவைக்கப்பட்டது தவணை மட்டுமே. வட்டி ஒரு நாளும் ஓயவில்லை. ஆறு திங்களின் வட்டி அசலோடு சேர்ந்து, அவ்வட்டிக்கும் வட்டி ஏறலாயிற்று.

இதுபற்றி உச்ச நீதிமன்றத்தில் வழக்குகள் தொடரப்பட்டன. 2020 செப்டம்பர் 3ஆம் நாள் நீதிமன்றம் ஓர் இடைக்கால ஆணை பிறப்பித்தது. ஆகஸ்டு 31 வரை வாராக்கடனாக அறிவிக்கப்படாத கணக்குகளை, மறு ஆணை வரும்வரை அவ்வாறு அறிவித்தல் கூடாது என்பது அவ்வாணை. அவ்வாண்டு அக்டோபரில் மைய அரசு, இரண்டு கோடி ரூபாய் வரையுள்ள கடன்களுக்கு அந்த ஆறு திங்களின் வட்டிமேல் வட்டியைத் திருப்பியளிக்க முன்வந்தது. 2021 மார்ச்சு 23ஆம் நாள் இறுதித் தீர்ப்பு வந்தது. ஒத்திவைப்புக் காலத்தை மேலும் நீட்ட இயலாது. வட்டி முழுவதையும் தள்ளுபடி செய்ய இயலாது. கடனின் அளவு எதுவாயினும் அக்காலத்திற்கு வட்டிமேல் வட்டி மட்டும் வாங்கலாகாது என்றது நீதிமன்றம். முன்னர் விதித்த தடையும் அத்துடன் நீங்கிற்று.

இத்தீர்ப்பைக் குறித்து மக்கள் இருவேறாகப் பேசினர். ‘நீதிமன்றம் கைவிட்டது’ என்றார் சிலர். ‘காத்தது’ என்றார் சிலர். நம் மைத்துனரின் கணக்கில் திரும்பி வந்த தொகை இரண்டாயிரம் ரூபாய்ச் சொச்சம். அதனைக் காட்டி, “மச்சான், இதற்காகவா இத்தனை பேர் நீதிமன்றம் ஏறினார்கள்?” என்று அவர் சிரித்தார். நமக்குச் சிரிப்பு வரவில்லை. தொகை சிறிதாயினும் நெறி பெரிது. முடங்கிக் கிடந்தவனின் முடக்கத்தையே முதலாக்கி மேலும் ஈட்டலாகாது என்பது அந்நெறி.

நம் மாநிலத்திற்கு இது புதிதும் அன்று. 1938இல் சென்னை மாகாணத்தில் இயற்றப்பட்ட விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1937 அக்டோபர் முதல் நாள்வரை நின்ற வட்டி பாக்கியைத் தள்ளியது. அசலைப்போல் இரு மடங்கு ஏற்கெனவே செலுத்திவிட்ட உழவனின் கடன் முற்றும் தீர்ந்ததாகக் கொண்டது. வட்டி ஓர் எல்லையில் நிற்றல் வேண்டும் என்ற எண்ணம் இம்மண்ணில் சட்டமாகவே இருந்ததுண்டு.

எனினும் எல்லையிட்ட வட்டியையும் கட்ட வருவாய் வேண்டுமன்றோ? பெரு நிறுவனங்கள் வேலையைக் குறைத்துக்கொண்டன. இருபது பேர் எட்டுப் பேராயினர். தொண்ணூறு நாட்களுக்கு மேல் தவணை நின்றதால் கணக்கு வாராக்கடனாயிற்று. அதன் பின்னரே அந்த உறை நம்மிடம் வந்தது.

அதனுள் இருந்தது என்ன என்பதைப் பிற்காலத்தில் அறிந்தோம். 2002இல் நாடாளுமன்றம் இயற்றிய ஒரு சட்டம், ‘சர்ஃபாசி’ என்று சுருக்கப் பெயரால் வழங்குவது, ஈடு பெற்றுக் கடன் கொடுத்த வங்கிக்குப் பெரியதோர் அதிகாரம் அளித்துள்ளது. முன்பெல்லாம் வங்கி வழக்காடித் தீர்ப்புப் பெற்றே ஈட்டுப் பொருளை விற்றல் வேண்டும். இச்சட்டத்தின்படி வங்கி நீதிமன்றம் செல்லாமலே அறுபது நாள் கெடு விதித்து அறிவிப்பு அனுப்பலாம். கெடு கடந்தால் சொத்தைத் தன் சுவாதீனத்தில் கொண்டு ஏலம் விடலாம். அந்த அறுபது நாட்களுக்குள் கடனாளி தன் மறுப்பை எழுத்தில் தெரிவித்தால், வங்கி பதினைந்து நாட்களில் காரணங்கூறி விடையளித்தாக வேண்டும். கடனாளியின் வாய்க்கு இச்சட்டத்தில் கிடைக்கும் முதல் இடம் அதுவே. நாமோ அறுபது நாட்களையும் அலமாரிக்குள் வைத்துப் பூட்டினோம். மைத்துனருக்கும் ஓர் உறை சென்றிருந்தது. அவர் அதனைப் பட்டறையின் பெட்டியடியில் வைத்தார் என்று பின்னர் கூறினார். ஒருவரையொருவர் கேட்டுக்கொள்ளவும் இல்லை.

டிசம்பர் 5ஆம் நாள் வங்கியிலிருந்து இருவர் வந்து, சுவாதீன அறிவிப்பை நம் வீட்டுக் கதவில் ஒட்டிச் சென்றனர். அடுத்த சில நாட்களில் இரண்டு நாளிதழ்களில் அதே அறிவிப்பு வெளியாயிற்று. அவற்றுள் ஒன்று தமிழ் நாளிதழ். வீட்டின் நான்கெல்லைகளும், நம் பெயரும், தந்தையாரின் பெயரும் அச்சிலேறி வந்தன. ஒருபோதும் கடன் வாங்கியறியாத தந்தையின் பெயரைக் கடன் அறிவிப்பில் கண்ட நாளை மறத்தற்கில்லை. நம் இல்லாள் மட்டும் ஒரு சொல் சொன்னார்: “உள்ளே பிரித்துப் படித்திருந்தால், வெளியே ஒட்டியிருக்க மாட்டார்களே.”

அதன் பின்னும் ஒரு திங்கள் வாளாவிருந்தோம். தொழுகைக்குப் பிந்திச் சென்று முந்தித் திரும்பினோம். ஜமாஅத்தார் எவரும் எதுவும் கேட்கவில்லை, கேட்காதிருந்ததே சுட்டது. 2023 ஜனவரி 10ஆம் நாள், முன்பு நம்மிடம் ஓதி, பின்னர் சட்டம் பயின்று சென்னையில் வழக்கறிஞராக இருக்கும் மாணவர் ஒருவர் திருமண அழைப்பிதழ் தர வந்தார். கதவில் பாதி கிழிந்திருந்த தாளைக் கண்டு நின்றுவிட்டார்.

“ஹஜ்ரத், இது ஒட்டி எத்தனை நாள்?” என்றார்.

கணக்கிட்டோம். முப்பத்தாறு நாட்கள்.

“நாற்பத்தைந்து நாட்களுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுச் செய்ய வேண்டும். இன்னும் ஒன்பது நாட்களே உள்ளன. இடையில் பொங்கல் விடுமுறை வேறு. முதல் கடிதத்தைக் காட்டுங்கள்” என்றார்.

அலமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்தோம். ஒட்டியபடியே இருந்த உறையைக் கண்டு அவர் ஒன்றும் பேசவில்லை. தலைகுனிந்து அதனை மெல்லப் பிரித்தார். ஆசிரியரின் பிழையைக் கண்ட மாணவன் எங்ஙனம் நடந்துகொள்ள வேண்டும் என்பதை அவருக்கு நாம் கற்பித்ததில்லை. அவர் நமக்குக் கற்பித்தார்.

13ஆம் நாள் மனு தாக்கலாயிற்று. விசாரணைக்காகச் சென்னை சென்ற வழியில் அவர் விளக்கிய செய்திகள் சிலவற்றை நேயர்களுக்குப் பயன்படும் என்று கருதி ஈண்டுத் தருகிறோம். இச்சட்டம் வந்த புதிதில், தீர்ப்பாயத்தின் வாயிலை மிதிப்பதற்கே வங்கி கேட்ட தொகையில் நூற்றுக்கு 75 பங்கைக் கட்ட வேண்டும் என்ற விதி இருந்தது. கட்ட இயலாதவனே முறையிட வருகிறான். கட்டிவிட்டு வா என்றால் அவன் எங்ஙனம் வருவான்? 2004இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சட்டத்தின் பெரும்பகுதியை ஏற்றுக்கொண்டு, அவ்விதியை மட்டும் அரசியலமைப்புக்கு முரண் என்று நீக்கிற்று. கடனாளியின் மறுப்புக்கு வங்கி காரணங்கூறி விடையளித்தல் வேண்டும் என்றும் வற்புறுத்திற்று. நாம் வெறுங்கையோடு தீர்ப்பாயத்தின் படியேற முடிந்தது அத்தீர்ப்பினால்.

விளைநிலத்தின் மீது கொண்ட ஈட்டுக்கு இச்சட்டம் செல்லாது. ஒரு இலட்சம் ரூபாய்க்கு மேற்படாத கடனுக்கும், அசலும் வட்டியுமாக உள்ள தொகையில் ஐந்தில் ஒரு பங்குக்கும் குறைவாகவே பாக்கி நிற்கும் கடனுக்கும் இது செல்லாது. ஏல அறிவிப்பு வெளியாகும் முன்னர் பாக்கி முழுவதையும் செலவினங்களோடு செலுத்தினால் சொத்தை மீட்டுக்கொள்ளலாம். முன்பு விற்பனை முடியும் வரையில் இருந்த அவ்வுரிமை, 2016இல் செய்த திருத்தத்தால் குறுகிவிட்டது. 2023இல் உச்ச நீதிமன்றமும் அதனை உறுதி செய்துள்ளது. உயர் நீதிமன்றம் இருக்கிறதே என்று நேரே அங்கு ஓடுவோரும் உளர். தீர்ப்பாயம் என்ற வழி திறந்திருக்க, உயர் நீதிமன்றம் இவற்றில் எளிதில் தலையிடலாகாது என்று 2010 முதற்கொண்டு உச்ச நீதிமன்றம் பன்முறை கூறியிருக்கிறது. ஆக, கடனாளிக்குக் காப்பு உண்டு. அக்காப்பு நாட்களால் ஆனது. நாட்களைத் தின்றுவிட்டால் காப்பும் உடன் தீர்ந்துவிடும்.

தீர்ப்பாயத்தில் விசாரணை கால் மணி நேரங்கூட நடைபெறவில்லை. நம் பக்கத்தில் சொல்லத்தக்கது, தொழில் நோயினால் நொடித்தது, ஏமாற்றும் எண்ணம் இல்லை, தீர்க்க விருப்பம் உண்டு என்பது மட்டுமே. எட்டு வாரங்களுக்குள் இரு தவணையாக 4 இலட்சம் ரூபாய் செலுத்தினால் அதுவரை மேல் நடவடிக்கை நிறுத்தப்படும் என்று ஆணையாயிற்று. மன்னிப்பு அன்று, தள்ளுபடியும் அன்று. அவகாசம்.

அன்றிரவு வீடு திரும்பி, நாம் நன்கறிந்ததாக எண்ணியிருந்த ஒரு சொல்லைப் புதிதாகப் பார்த்தோம். திருமறையின் இரண்டாம் அத்தியாயத்தில் 280ஆம் வசனம், இடர்ப்பட்ட கடனாளிக்கு வசதி வரும்வரை பொறுத்திருக்கப் பணிக்கிறது; விட்டுக்கொடுத்துவிடுதல் அதனினும் நன்று என்கிறது. அவகாசத்திற்கு அங்கு ஆளப்பெற்ற சொல் ‘நளிரத்’ என்பது. அதன் வேர் ‘நளர்’. பார்வை என்று பொருள். காத்திருத்தலைக் குறிக்கும் ‘இன்திளார்’ என்னும் சொல்லும் அவ்வேரினின்றே கிளைத்தது. அரபு மொழியில், ஒருவனுக்கு அவகாசம் தருதலும் அவனைப் பார்த்தலும் ஒரு வேரின் இரு தளிர்கள்.

தமிழும் இதனை அறியும். திருக்குறளின் 58ஆம் அதிகாரத்திற்குக் ‘கண்ணோட்டம்’ என்று பெயர். கண்ணை ஒருவன்மேல் ஓட்டுதல் என்னும் சொல்லே இரக்கத்தைக் குறிக்கலாயிற்று. அவ்வதிகாரம் அறத்துப்பாலில் இல்லை. ஆள்வோனுக்கு உரியனவற்றைக் கூறும் பொருட்பாலில் வைக்கப்பட்டுள்ளது. கண்ணோட்டம் தனி மனிதனின் ஈரம் மட்டும் ஆகாது, ஆட்சியின் கடமையுமாகும் என்பதை அவ்வைப்புமுறையே உணர்த்துகிறது. பாலைவனத்து மொழியும் பொருநைக்கரை மொழியும் கலந்து பேசாமலே ஒன்றைக் கண்டிருக்கின்றன: முகத்தைப் பார்த்தவன் கழுத்தைப் பிடிக்க விரைய மாட்டான்.

இப்பார்வையை நீதிமன்றம் எவ்வாறு சட்டமாக்குகிறது என்பதற்கு மற்றொரு சான்று, 1980இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த கொச்சின் வங்கி வழக்கு. வங்கி பெற்ற தீர்ப்பின் தொகையைச் செலுத்தாத கடனாளிகளைச் சிறையிலடைக்கப் பிடியாணை பிறந்திருந்தது. நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பில், கட்டவில்லை என்ற ஒன்றை மட்டும் கொண்டு ஒருவனைச் சிறையிலிடலாகாது என்று விதித்தார். அவனிடம் பொருள் இருந்ததா, இருந்தும் மறுத்தானா, நேர்மையின்மை உண்டா என்று முதலில் ஆராய்தல் வேண்டும். ‘ஹிதாயா’வும் இவ்வேறுபாட்டை அறியும். வசதியிருந்தும் இழுத்தடிப்பவன் வேறு, இல்லாதவன் வேறு. முன்னவனின் தாமதம் அநீதி என்று நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கண்டித்துள்ளார்கள். ‘என்னிடம் இல்லை’ என்பவனை நீதிபதி இரண்டு மூன்று திங்கள் தடுத்து வைத்து விசாரிக்கலாம். பொருள் ஏதும் வெளிப்படாவிடில் விடுவித்தாக வேண்டும் என்பது நூலின் முடிவு. ஏறத்தாழ எண்ணூறு ஆண்டு இடைவெளியில் இருவேறு மன்றங்கள் ஒரே வினாவைத்தான் கேட்டிருக்கின்றன: இயலாதவனா, மனமில்லாதவனா?

மனமில்லாதவர் இலர் என்று நாம் வாதாட வரவில்லை. வங்கியில் இருக்கும் பணம் வங்கியின் பணம் அன்று. கைம்பெண் ஒருத்தி மகளின் திருமணத்திற்கென்று இட்ட வைப்பும், ஓய்வுபெற்றவரின் சேமிப்பும் அதனுள் அடங்கும். தீர்ப்பாயத்தின் தாழ்வாரத்தில் காத்திருந்தபோது, ஒன்றுக்கு இரண்டு வாகனங்களில் வந்திறங்கி, ஒன்பதாம் முறையாக வாய்தா கேட்டவரையும் கண்டோம். அத்தகையோர் ஒவ்வொருவரும் பெறும் அவகாசம், மெய்யாகவே இடருற்றவனின் சொல்லை நம்ப இயலாமற் செய்கிறது. வங்கி அலுவலரின் கண் வறண்டிருப்பதற்கு அவர்களும் ஒரு காரணம்.

நாம் வாதாட விரும்புவது வேறொன்று. பார்வை இருபுறமும் வேண்டும். வங்கி நம்மைப் பார்க்கவில்லை என்று குறைகூற நமக்கு உரிமை உண்டா? அறிவிப்பு என்பது, அது எத்துணைக் கடுமொழியில் இருப்பினும், சட்டம் வலிந்து செய்வித்த ஒரு பார்வை. ‘உன் மறுப்பைக் கூறு’ என்று வந்த அழைப்பு. ஐந்து திங்களுக்கு மேலாகக் கண்ணை மூடிக்கொண்டிருந்தவர் நாமே.

புகாரியின் தொகுப்பில் வரும் நிகழ்ச்சியொன்று அந்நாட்களில் நெஞ்சில் நின்றது. கஅபு இப்னு மாலிக் (ரலி) அவர்கள், இப்னு அபீ ஹத்ரத் (ரலி) அவர்களிடம் தமக்கு வரவேண்டிய கடனைப் பள்ளிவாசலிலேயே கேட்டார். இருவர் குரலும் உயர்ந்தன. நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தம் அறையின் திரையை விலக்கி வெளிப்பட்டு, பாதியை விட்டுக்கொடுக்குமாறு கஅபுக்குக் கையால் சைகை காட்டினார்கள். அவர் உடனே இசைந்தார். அதனுடன் முடிந்ததா? இல்லை. கடனாளியை நோக்கி, எழுந்து சென்று மீதியைச் செலுத்துமாறு பணித்தார்கள். பல முறை ஓதிக் கொடுத்த ஹதீஸ்தான். கடன் கொடுத்தவனிடம் விட்டுக்கொடுக்கச் சொன்ன அதே நாவு, கடன்பட்டவனை அக்கணமே எழச் சொன்னது என்பதை இப்போதுதான் உணர்ந்தோம். எழாதவனுக்கு அவகாசம் வெறும் தாமதம்.

எழுந்தோம். மைத்துனரை அழைத்து, இரு குடும்பத்தாரும் ஒரு விரிப்பில் அமர்ந்து, உள்ளது அனைத்தையும் எழுதினோம். கடனாளியின் பொருளை விற்கும் வரிசையை ‘ஹிதாயா’ கூறுகிறது. முதலில் ரொக்கம்; அடுத்து அசையும் பொருள்; நிலமும் வீடும் கடைசியில்; உடுக்கும் உடை அவனுக்கே விடப்படும். நம் நாட்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டமும் 60ஆம் பிரிவில் உடை, சமையல் பாத்திரம், படுக்கை, கைவினைஞரின் கருவிகள் ஆகியவற்றை ஜப்தியினின்று காக்கிறது. தானே ஈடாக வைத்த பொருளுக்கு அக்காப்பு இல்லை என்பதால் பொறிகள் போயாக வேண்டியிருந்தன.

ரொக்கம் என்று நம்மிடம் இருந்தது, ஹஜ்ஜுக்காகப் பன்னிரண்டு ஆண்டுகள் சேர்த்த 3 இலட்சம் ரூபாய். கடன் கழுத்தில் இருக்க ஹஜ்ஜு கடமையாகாது என்று பிறருக்கு எளிதாகக் கூறிய சட்டத்தை, நமக்கு நாமே கூறிக்கொள்ள ஓரிரவு பிடித்தது. பன்னிரண்டு பொறிகளும் 2 இலட்சத்து 10 ஆயிரத்திற்குப் போயின. தங்கையின் நகை 3 இலட்சத்து 15 ஆயிரம். ஊருக்கு வெளியே மைத்துனர் வாங்கியிருந்த மனை ஐந்தரை இலட்சம். ஆக 13 இலட்சத்து 75 ஆயிரம். வங்கி கேட்டது 16 இலட்சத்து 40 ஆயிரம்.

தீர்ப்பாயம் விதித்த 4 இலட்சத்தைக் கெடுவுக்கு முன்னரே செலுத்தினோம். அதன் பின்னர் வங்கியின் கிளை மேலாளரை நேரில் கண்டோம். மகன் வயதினர், கடுமையானவர் என்று கேள்வி. இவ்வாறு எழுதிய தாளை அவர்முன் வைத்து, “இதற்கு மேல் எங்களிடம் வீடு ஒன்றுதான் உள்ளது” என்றோம். அவர் நெடுநேரம் தாளைப் பார்த்தார். பிறகு நம்மைப் பார்த்தார். “ஐயா, இதனை ஆறு மாதம் முன்பு கொண்டுவந்திருந்தால் வட்டியும் செலவும் இவ்வளவு ஏறியிருக்காது. மேலிடத்திற்கு எழுதுகிறேன்” என்றார். 2024இல், மக்கள் நீதிமன்றத்தில் 13 இலட்சத்து 75 ஆயிரத்திற்கு இரு தரப்பும் இசைந்து கணக்கு முடிந்தது. மக்கள் நீதிமன்றத்தின் தீர்வுக்கு மேல்முறையீடு இல்லை. அத்துடன் வழக்குத் தீர்ந்தது. தந்தையாரின் பத்திரங்கள் மஞ்சள் பையொன்றில் திரும்பி வந்தன.

இதனை வெற்றி என்று கூறற்கில்லை. இருபது பேர் தைத்த கூடம் இன்று வெற்றிடம். மைத்துனர் ஐம்பதாம் அகவையில் வேறொருவரின் பட்டறையில் மேற்பார்வையாளராக இருக்கிறார். தங்கையின் காது வெறுமையாக உள்ளது. பட்டறையில் தைத்த பெண்களுள் சிலர் எங்குச் சென்றனர் என்பதே தெரியவில்லை. அவர்களுக்கு எந்த மன்றமும் நாள் குறிக்கவில்லை. முதற்கடிதத்தைப் பிரித்த அன்றே எழுந்திருந்தால் நான்கு பொறிகளையேனும் காத்திருக்கலாம் என்று மைத்துனர் ஒரு முறை கூறினார். மறுத்துரைக்க நம்மிடம் சொல் இல்லை.

கடன்பட்டு இறந்த ஒருவருக்கு ஜனாஸாத் தொழுகை நடத்த நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தயங்கியபோது, அபூ கத்தாதா (ரலி) அவர்கள் எழுந்து அக்கடனுக்குப் பொறுப்பேற்ற செய்தியை நேயர்கள் அறிவர். பிணை நிற்றல் பெருமைக்குரிய செயல். நின்றபின் முகத்தைத் திருப்பிக்கொள்ளுதல் பிணையாகாது. சட்டமும் பிணையாளியின் பொறுப்பைக் கடனாளியின் பொறுப்புக்குச் சமமாகவே வைத்திருக்கிறது. ஆதலின் உற்றாருக்காகக் கையொப்பமிட்டோர் ஒவ்வொருவருக்கும் நாம் வேண்டிக்கொள்வது இதுவே: உறை வந்தால் அன்றே பிரியுங்கள். தேதியைக் குறித்து வையுங்கள். பதிலை எழுத்தில் தாருங்கள். வெட்கத்தைப் பிறகு பட்டுக்கொள்ளலாம். அதற்குக் கெடு இல்லை.

அந்த முதல் உறை இன்றும் ‘ஹிதாயா’வின் இரு பாகங்களுக்கு இடையிலேயே இருக்கிறது, பிரித்தபடி. கடனால் முடங்கியவனின் பாடம் வரும் நாளில் அதனை எடுத்து மாணவர்க்கு வாசித்துக் காட்டுகிறோம். சென்ற ஆண்டு ஒரு சிறுவன் கேட்டான்: “ஹஜ்ரத், இது யார் வீட்டுக்கு வந்த கடிதம்?”

நம் வீட்டுக்கு வந்தது என்று கூறி, பாடத்தைத் தொடர்ந்தோம்.